மேகச்சுவடியின் ஏழாம் ஏடு

இரண்டு நிலாக்களின் கீழே இதுவரை எழுதப்பட்ட நூல்களிலெல்லாம் தலைசிறந்தது மேகச்சுவடிதான். இது என் சொந்த அபிப்பிராயம் அல்ல. அதில் ஒரு வரிகூடப் படிக்காத நானூற்றுப் பன்னிரண்டு அறிஞர்கள் ஆளுக்கொரு உரை எழுதி நிரூபித்திருக்கிறார்கள். படித்துவிட்டுப் பாராட்ட யாராலும் முடியும். படிக்காமல் நானூற்றுப் பன்னிரண்டு தொகுதிக்குப் பாராட்டுவதென்றால் அதற்குத் தனிப் பயிற்சி வேண்டும். அப்படிப் பயிற்சி பெற்றவர்கள் நிறைந்த சுவடி மண்டபத்தில் நானும் வேலை பார்த்தேன் என்பதை மிகுந்த பெருமையோடு தெரிவித்துக்கொள்கிறேன்.

சுவடி மொத்தம் ஐம்பத்திரண்டு ஏடுகள். ஆதிகாலத்தில் மேகத்தை உரித்து, பதப்படுத்தி, வெட்டித் தைத்த தோல் அது. அதனால் ஒரு சின்ன சிரமம். விட்டால் பறந்துவிடும். பறக்காமல் இருக்க மேலே எடைக்கல் வைக்க வேண்டும். மண்டபம் திறந்த முதல் வருடம் ஒரே ஒரு கல் போதுமாக இருந்ததாம். நான் வேலைக்குச் சேர்ந்தபோது நாற்பத்தொன்று. 'சுவடியின் புனிதம் ஆண்டுதோறும் பெருகுவதே காரணம்' என்று இருநூற்று எட்டாவது உரை சொல்கிறது. அந்த நாற்பத்தொரு கல்லையும் தூக்கி வைத்து, தூக்கி எடுப்பதுதான் என் உத்தியோகம். பதவியின் பெயர் 'எடைக்கல் அலுவலர், மூன்றாம் நிலை'. முதல் நிலையும் இரண்டாம் நிலையும் இருக்கிறதா என்று கேட்டேன். இருக்கிறதாம். அவர்கள் கல்லைத் தொடுவதில்லையாம்.

எங்கள் வீட்டில் எனக்கு முன் பட்டம் வாங்கியவர்கள் உண்டு. நூல் கட்டி ஏறவிட்டு, காற்று நின்றதும் வீட்டுக்கு வந்துவிடுவார்கள். கல்லூரிக்குப் போய் வாங்கியவள் நான்தான். பழைய லிபி என்ற பாடத்தில் இடம் காலியாக இருந்தது. முந்நூறு வருடமாகக் காலியாகவே இருந்ததாம். சேர்ந்தேன். வகுப்பில் முதல் மாணவியும் நானே, கடைசி மாணவியும் நானே. மேகச்சுவடி அந்த லிபியில்தான் எழுதப்பட்டிருக்கிறது என்பதால் மண்டபத்தில் என்னைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடுவார்கள் என்று நினைத்தேன். வயது இருபத்திரண்டு, அப்படித்தான் நினைக்கத் தோன்றும்.

நேர்முகத் தேர்வில் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் தலைமைக் காவலர். வலது பக்கம் நானூற்றுப் பன்னிரண்டாம் உரையை எழுதிய உரைகார அம்மா. இடது பக்கம் தலைமை எழுத்தர். யார் எந்த அனுமதி கேட்டாலும் "பார்க்கலாம்" என்றே சொல்வதால் அவருக்கு அதுவே பெயராகிவிட்டது.

"பழைய லிபி படிக்கத் தெரியுமாம்மா?" என்றார் தலைமைக் காவலர்.

"தெரியும் ஐயா. என் பட்டமே அதுலதான்."

மூவரும் ஒருவரை ஒருவர் வருத்தத்தோடு பார்த்துக்கொண்டார்கள்.

"பரவாயில்ல," என்றார் அவர். "மனுஷனாப் பிறந்தா ஏதாவது ஒரு குறை இருக்கத்தான் செய்யும்."

"கல்லு தூக்குவியா கண்ணு?" என்றார் உரைகார அம்மா.

"தூக்குவேன்மா."

"அது போதும். மத்ததை மறந்துடு."

மறந்துவிடுவதாக உறுதிமொழிக் கடிதம் ஒன்று எழுதிக் கேட்டார்கள். எழுதிக் கொடுத்தேன். பழைய லிபியில். மூவரும் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்து, கையெழுத்து அழகாக இருப்பதாகப் பாராட்டி, கோப்பில் வைத்துவிட்டார்கள்.

மண்டபத்தின் ஆதார விதி ஒன்றுதான். சுவடியை யாரும் கண்ணால் பார்க்கக்கூடாது. புனிதம் கண்ணைத் தாக்கும். ஆகவே வாரம் ஒருமுறை 'கைவைப்பு' என்ற சடங்கு நடக்கும். அனைவரும் கண்ணைக் கட்டிக்கொள்வோம். நான் தடவித் தடவிக் கற்களை எடுப்பேன். தலைமைக் காவலர் ஏட்டின்மேல் உள்ளங்கையை வைப்பார். கையில் சில்லென்று இருந்தால் அதற்கு ஒரு பொருள். குறுகுறுத்தால் ஒரு பொருள். உரைகார அம்மா விளக்கம் சொல்வார். 'பார்க்கலாம்' கண்ணைக் கட்டிக்கொண்டே அதை எழுதுவார். எழுதியதை அப்புறம் அவராலேயே படிக்க முடியாது. அதற்கும் ஓர் உரை எழுதப்படும். கல்வி வளர்வது இப்படித்தான்.

கண்கட்டிலும் தரவரிசை உண்டு. தலைமைக் காவலருக்கு வருடந்தோறும் புதுப் பட்டு. அவர் ஒரு வருடம் கட்டியது உரைகார அம்மாவுக்கு. அவர் கட்டியது 'பார்க்கலாமு'க்கு. அங்கிருந்து முதல் நிலை, இரண்டாம் நிலை, வாயிற்காப்போர் என்று இறங்கி, ஏழாவது வருடம் எடைக்கல் அலுவலர் மூன்றாம் நிலைக்கு வந்து சேரும். ஆறு வருடமாக அதை வாராவாரம் கல்லில் அடித்து வெளுத்தவள் என் அம்மா. மண்டபத்தின் துணி வெளுப்பவள் அவள்தான். அம்மாவின் கை எப்படிப்பட்டதென்றால், அவள் வெளுத்த துணியில் அழுக்கும் இருக்காது, நாளடைவில் துணியும் இருக்காது. என் கைக்கு வந்த கண்கட்டைக் கட்டிக்கொண்டால் கொசு கடிக்காது. மற்றபடி எல்லாம் தெரியும்.

எனக்கு முன்னால் கல் தூக்கியவர்களுக்கும் தெரிந்திருக்கும். லிபி தெரியாததால் அவர்கள் பார்த்தது பார்த்ததாகவே நின்றுவிட்டது.

முதல் மூன்று மாதம் நான் நல்ல பெண்ணாகத்தான் இருந்தேன். துணிக்குள்ளே கண்ணை இறுக்க மூடிக்கொண்டு கல் தூக்கினேன். என்னைக் கெடுத்தது அம்மாவின் முழங்கால்.

மண்டபம் ஒரு பாறையின் உச்சியில் இருக்கிறது. முன்பக்கம் சரிவாகச் சாலை ஏறி வரும். பறக்கும் ஆமைகள் இழுக்கும் வண்டி வாசலிலேயே வந்து நிற்கும். அகலமான ஒன்பது படி. ஏறினால் கதவு. பின்பக்கம் செங்குத்துப் பாறையில் இருநூற்றுப் பதினான்கு படி. ஒன்று முழம் உயரம், அடுத்தது சாண் உயரம், பாதிக்குமேல் உடைசல். வெளுப்பவர், கூட்டுபவர், சுமப்பவர் யாரானாலும் பின்படியில்தான் ஏற வேண்டும். அம்மா வெளுத்த மூட்டையோடு ஆமை வண்டியில் வந்து முன்வாசலில் இறங்குவாள். ஒன்பது படியையும் ஒரு பார்வை பார்ப்பாள். பிறகு பாறையைச் சுற்றி நடந்து போய் இருநூற்றுப் பதினான்கில் ஏறுவாள். பதினெட்டு வருடமாக.

என் விஷயத்தில் மண்டபம் பெருந்தன்மையாக நடந்துகொண்டது. காலையில் நான் அலுவலராக முன்படியில் ஏறலாம். மாலையில் வேலை முடிந்ததும் வெளுப்பவளின் மகளாகப் பின்படியில் இறங்க வேண்டும். இதைத் தீர்மானிக்க நான்கு கூட்டம் நடந்தது.

மருத்துவச்சி அம்மாவின் முழங்காலை அழுத்திப் பார்த்துவிட்டு, "இன்னும் ஒரு வருஷம் இந்தப் படி ஏறுங்க. அப்புறம் எந்தப் படியும் ஏற வேண்டியிருக்காது," என்றாள்.

"அப்ப நல்லதுதானே," என்றாள் அம்மா.

"அம்மா, நடக்கவே முடியாதுன்னு சொல்றாங்க!"

"புரியுதுடி. அழுதா மட்டும் படி குறையப் போகுதா?"

"வேலையை விட்டுடு."

"விட்டுட்டு? உன் மூஞ்சியப் பாத்துட்டு உக்காந்திருக்கவா? அந்த மண்டபத்துல ஒழுங்கா நடக்கிற ஒரே வேலை என் வேலைதான்."

அவள் சொன்னது உண்மையாயிற்றே.

உரைகார அம்மாவிடம் போனேன். பின்படி விதி எங்கே எழுதியிருக்கிறது என்று கேட்டேன்.

"ஏழாம் ஏட்டுல கண்ணு. சுவடியோட வாக்கு. நாம மாத்த முடியுமா?"

"ஏழாம் ஏட்டுல அப்படித்தான் இருக்குன்னு எப்படிம்மா தெரியும்?"

"மூணாவது தலைமைக் காவலர் அதுல கை வெச்சப்ப இடது முழங்கை அரிச்சுது. இடதுன்னா பின்பக்கம். அரிப்புன்னா துணி. துணின்னா வெளுக்கிறவங்க. தெளிவா இருக்கே."

"கூட்டுறவங்க, சுமக்கிறவங்க எப்படி வந்தாங்க?"

"ரொம்ப நேரம் அரிச்சுது."

இவ்வளவு ஆழமான ஆராய்ச்சிக்கு ஒரு கும்பிடு போட்டுவிட்டு வந்தேன். அந்த வாரக் கைவைப்பில் ஏழாம் ஏடு வந்தது. கற்களை எடுத்தேன். கண்ணைத் திறந்தேன்.

கண் ஒன்றும் அவிந்துவிடவில்லை. மங்கலான துணிக்கு அந்தப் பக்கம், பாலாடை போன்ற தோலில், நீல எழுத்துகள் வரிசையாக நின்றன. என் பார்வை பட்டதும் ஒவ்வொன்றாக நிமிர்ந்து பளிச்சிட்டன. கூப்பிட ஆள் வராமல் உட்கார்ந்திருந்தவர்கள் பெயரைக் கேட்டதும் எழுந்து நிற்பார்களே, அந்த மாதிரி. ஓரத்தில் சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு: 'இந்தத் தோல் படிக்கப் படிக்கக் கனக்கும். படிக்காமல் போட்டு வைத்தால் பறந்துவிடும்.'

மேலே இருந்து கீழே வரை படித்தேன். படித்து முடித்தபோது ஏடு மெல்லத் தாழ்ந்து, மேஜையில் படுத்துக்கொண்டது. மேலே ஒரு கல்கூட இல்லை.

தலைமைக் காவலரின் கை அந்தரத்தில் தேடியது.

"ஏடு எங்கம்மா?"

"கீழ இருக்கு ஐயா."

"அழுத்துறது யாரு?"

"யாரும் இல்லீங்க."

மண்டபமே நடுங்கிவிட்டது. சுவடிக்கு உடம்பு சரியில்லை என்று முடிவாயிற்று. 'ஏடு தாழ்வு நோய்' பற்றி அவசரக் குழு அமைத்தார்கள். புனிதம் கசிந்துவிட்டதா என்று தரையெல்லாம் தடவிப் பார்த்தார்கள். ஏழு வாயிற்காப்போர் நாட்டு நலனுக்காக உண்ணாவிரதம் இருந்தார்கள்; மதியம் வரை. அவர்கள் படும் பாட்டைப் பார்க்கப் பொறுக்காமல் நானே குழுவின் முன் போய் நின்றேன்.

"நோயெல்லாம் இல்ல ஐயா. நான் படிச்சேன்."

தலைமைக் காவலர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார்.

"பார்த்தியா?"

"பார்த்தேன்."

"எத்தனை கண்ணால?"

"ரெண்டு கண்ணாலயும்."

"ஒரு கண்ணால பார்த்திருந்தா பாதிக் குற்றம்னு முடிச்சிருக்கலாம்," என்று 'பார்க்கலாம்' வருந்தினார்.

"தெரியாத்தனமா கண்ணுல பட்டுதா, இல்ல படிச்சியா?" என்றார் தலைமைக் காவலர்.

"படிச்சேன்."

"எழுத்துக்கூட்டித்தானே?" உரைகார அம்மாவின் குரலில் ஒரு கெஞ்சல் இருந்தது.

"இல்லம்மா. கடகடன்னு."

தலைமைக் காவலர் கோப்பைப் பிரித்து என் கடிதத்தை எடுத்தார்.

"லிபியை மறந்துடுறேன்னு எழுதிக் குடுத்திருக்கியேம்மா!"

"'மறக்கமாட்டேன்'னு எழுதியிருக்கேன் ஐயா. படிச்சுப் பாருங்க."

மூவரும் கடிதத்தைப் பார்த்தார்கள். கடிதம் மூவரையும் பார்த்தது.

"ஏழாம் ஏட்டுல என்ன இருக்குன்னு ஒரு நிமிஷம் கேளுங்க," என்றேன். "பின்படியில யாரும் ஏற வேண்டாம்னு இருக்கு."

"கண்ணு," என்றார் உரைகார அம்மா, மிக அன்பாக. "நீ சொல்றது சரியா தப்பான்னு தெரியணும்னா யாராவது ஏட்டைப் பார்க்கணும். பார்க்கிறது குற்றம். ஆக நீ சொல்றது சரின்னு நிரூபிக்கவே முடியாது. உன் நல்லதுக்குத்தான் சொல்றேன், விட்டுடு."

"நீங்க சொல்றதும் அப்படித்தானேம்மா?"

"நான் எதுக்கு நிரூபிக்கணும்? நான் உரை எழுதியிருக்கேன்."

குழு தீர்ப்பளித்தது. என்னை வேலையை விட்டு நீக்க முடியவில்லை. நாற்பத்தொரு கல்லைத் தூக்க வேறு யாரும் முன்வரவில்லை. ஆகவே மண்டப வரலாற்றிலேயே முதன்முறையாக ஒரு மூன்றாம் நிலை ஊழியருக்குப் புதுக் கண்கட்டு வழங்கப்பட்டது. கறுப்புப் பட்டு. மூன்று மடிப்பு. அம்மா அதைத் தடவித் தடவிப் பார்த்தாள்.

"என்னமா நெய்திருக்கான்! எவ்வளவு பெரிய தப்பு பண்ணினா இது கிடைக்கும்?"

"படிச்சேன்மா. அவ்வளவுதான்."

"இன்னொரு தடவை படி. எனக்கும் ஒண்ணு வாங்கிக் குடு."

சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டு, அடுத்த நாள் பின்படியில் ஏறினாள். நூற்றிருபதாவது படியில் உட்கார்ந்துவிட்டாள் என்று கூட்டுகிற அக்கா ஓடி வந்து சொன்னாள். நான் இறங்கிப் போய் மூட்டையை வாங்கிக்கொண்டேன். மீதிப் படிகளை அம்மா கையால் ஊன்றி ஏறினாள். உட்கார்ந்த வாக்கில், ஒவ்வொன்றாக.

"யாராவது பாக்குறாங்களாடி?"

"யாரும் இல்லம்மா."

"நல்லவேளை."

ஒரு மாதம் போயிற்று. சுவடி நிலைகொள்ளாமல் தவித்தது. முந்நூறு வருடம் பட்டினி கிடந்ததற்கு ஒருநாள் ஒரு வாய் ஊட்டி நிறுத்தினால் சும்மா இருக்குமா? மற்ற ஐம்பத்தோரு ஏடுகளும் இழுத்த இழுப்பில் நாற்பத்தொரு கல்லும் மேஜைமேல் தடதடவென்று ஆடின. மூன்று மடிப்புக்குள் ஒன்றும் தெரியாமல் சத்தத்தை மட்டும் கேட்டுக்கொண்டிருந்தேன். ஏழாம் ஏடும் மறுபடி மிதக்கத் தொடங்கியிருந்தது. 'சுவடி குணமடைந்துவிட்டது' என்று அறிக்கை வந்தது.

அந்த வாரக் கைவைப்பில் தலைமைக் காவலர் மகிழ்ச்சியோடு இரண்டு கையையும் சுவடியில் வைத்து இறுகப் பற்றினார். விதிப்படி, வைத்த கையை மணி அடிக்கும்வரை எடுக்கக்கூடாது. சுவடி ஒரு எம்பு எம்பியது. கற்கள் சரிந்து உருண்டன. அவருடைய செருப்பு இரண்டும் தரையில் விழும் ஓசை கேட்டது.

"ஐயா எங்க இருக்கீங்க?" என்றார் உரைகார அம்மா.

"மேல!"

"ஞானம் கிடைச்சுட்டுதா?"

டங் என்று ஓர் ஓசை. தலை உத்தரத்தில் இடித்திருக்கிறது.

"கிடைச்சுட்டுது! மணியை அடிங்கய்யா!"

மணி 'பார்க்கலாமி'ன் பொறுப்பு. கண்ணைக் கட்டிக்கொண்டு அவர் மணிக்கயிற்றைத் தேடினார். கையில் அகப்பட்டது என் பின்னல். அதை இழுத்து இழுத்துப் பார்த்துவிட்டு, "சத்தம் வரலியே, பழுதாகியிருக்கும் போல," என்றார்.

சத்தம் வந்தது. நான் கத்தியது அவர் காதில் மணியாக விழவில்லை, அவ்வளவுதான்.

பின்னலை விடுவித்துக்கொண்டேன். கறுப்புப் பட்டை அவிழ்த்துக் கழுத்தில் போட்டுக்கொண்டேன். மேலே தலைமைக் காவலர் சுவடியோடு தொங்கிக்கொண்டிருந்தார். கூரை ஓடுகள் இரண்டு விலகி வெளிச்சம் விழுந்தது. இன்னும் நான்கு ஓடு விலகினால் மண்டபத்துக்குப் புதுத் தலைவர் தேட வேண்டியதுதான். அப்படியொரு நிலையிலும் அவர் விதியை மீறிக் கையை எடுக்கவில்லை. அதைப் பாராட்டாமல் இருக்க முடியாது. விதியை அவர் அவ்வளவு மதித்தார். கீழே விழுவதற்கும் பயந்தார்.

"ஐயா, ஒரு விண்ணப்பம்," என்றேன்.

"விண்ணப்பம்னா எழுத்துல குடுக்கணும்," என்றார் 'பார்க்கலாம்'.

"வாயால போதும்யா!" என்று உத்தரத்திலிருந்து உத்தரவு வந்தது. "சொல்லும்மா!"

"சுவடியைப் படிச்சா கீழ இறங்கும். நான் படிக்கிறேன். ஏழாம் ஏட்டை எல்லாரும் கேக்குற மாதிரி சத்தமா படிப்பேன். அதுல என்ன இருக்கோ அதை அப்படியே நடத்தணும்."

"பார்க்கிறது குற்றமாச்சே கண்ணு," என்றார் உரைகார அம்மா.

இன்னொரு டங்.

"நீ சும்மா இரும்மா!" என்றார் தலைமைக் காவலர். "இவ பார்க்கிறது பார்வையே இல்லன்னு குறிச்சுக்கோ! இயற்கைச் சீற்றம்னு எழுதிக்கோ! படிம்மா, சீக்கிரம் படி!"

நாற்காலியின்மேல் ஏறினேன். என் பக்கமாகத் தொங்கிக்கொண்டிருந்த ஏழாம் ஏட்டைப் பிடித்துத் திருப்பினேன். படித்தேன்.

"'படிப்பவரே, நலமா? இந்த மண்டபத்தைக் கட்டிய கொத்துவேலைக்காரி நான். நான் கற்றதையெல்லாம் இந்த ஐம்பத்திரண்டு ஏட்டில் எழுதி வைத்திருக்கிறேன். மழையை அழைப்பது பதினொன்றாம் ஏட்டில், உடைந்த எலும்பைக் கூட்டுவது இருபதாம் ஏட்டில். வேண்டியதை எடுத்துக்கொள்ளும். ஒன்று மட்டும் சொல்ல வேண்டும். பின்பக்கப் பாறையில் இருக்கும் படிகள் கல் ஏற்றுவதற்காக அவசரத்தில் வெட்டியவை. வேலை முடிந்துவிட்டது. இனி ஒருவரும் அதில் ஏற வேண்டாம். முழங்கால் போய்விடும். என் முழங்கால் போய்விட்டது. முன்னால் ஒன்பது படி வைத்திருக்கிறேன். வாசலும் அங்கேதான். யாராக இருந்தாலும் அந்த வழியே வருக.'"

ஒவ்வொரு வரிக்கும் சுவடி ஒரு சாண் இறங்கியது. 'வருக' என்றபோது தலைமைக் காவலரின் கால் தரையைத் தொட்டது. கல் இல்லாமல், கை அழுத்தாமல், சுவடி மேஜைமேல் சாதுவாகப் படுத்துக்கொண்டது. எல்லோரும் கட்டிய கண்ணோடு வந்து தொட்டுப் பார்த்தார்கள். எவருக்கும் எங்கும் அரிக்கவில்லை.

"கொத்துவேலைக்காரியா?" என்று உரைகார அம்மா முணுமுணுத்தார். முந்நூறு வருடமாகச் சுவடியை எழுதியவர் ஒரு முனிவர் என்று நம்பப்பட்டு வந்தது. தாடியின் நீளம் பற்றி மட்டும் ஆறு தொகுதி இருக்கிறது.

மண்டபத்தின் நேர்மையை இந்த இடத்தில் நான் மனந்திறந்து புகழ்ந்தாக வேண்டும். தலைமைக் காவலர் கொடுத்த வாக்கிலிருந்து பின்வாங்கவில்லை. ஒன்பதே நாளில் ஆணை வந்தது. அடுத்த மாதம் முதல் தேதியிலிருந்து வெளுப்பவர், கூட்டுபவர், சுமப்பவர் அனைவரும் முன்படியில் ஏறலாம். இரண்டு ஏடு படித்தால் மூன்று நாளைக்குக் கல் வேண்டாம் என்பதால் நான் தினமும் படிக்கவும் அனுமதி கிடைத்தது; யாரும் கேட்காத தூரத்தில். அதுவரை பின்படியையும் பின்கட்டையும் திரைபோட்டு மூடி, துணி மூட்டையை ஆமை வண்டியிலேயே வாங்கிக்கொண்டார்கள், என்னை மாலையிலும் முன்படியிலேயே இறங்கவிட்டார்கள். திரைக்குப் பின்னால் அந்த மாதம் முழுக்க உளிச் சத்தமும் சுத்தியல் சத்தமும் கேட்டன. பழைய படியை இடித்துத் தள்ளுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன். அதற்குள் இருபதாம் ஏட்டைப் படித்து, அதில் சொன்னபடி ஒரு பச்சிலைக் கட்டை அம்மாவின் முழங்காலில் போட்டேன். முழுக்கச் சரியாகவில்லை. இரவல் முழங்கால் மாதிரி இருக்கிறது, ஆனால் நடக்கிறது என்றாள்.

முதல் தேதி வந்தது. அம்மா நல்ல சேலை கட்டிக்கொண்டாள். தலையில் மூட்டை. ஆமை வண்டியிலிருந்து இறங்கி, பழக்கத்தில் பாறையைச் சுற்றிப் போகத் திரும்பினாள். கையைப் பிடித்து நிறுத்தினேன்.

"மறந்தே போச்சுடி," என்று சிரித்தாள்.

ஒன்று, இரண்டு என்று வாய்விட்டு எண்ணிக்கொண்டு ஏறினாள். ஒன்பது வந்ததும் நின்றாள்.

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

"இதுக்காடி பதினெட்டு வருஷம்?"

கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனோம். வரவேற்பு இருக்கும், உரைகார அம்மா நாலு வார்த்தை பேசுவார் என்றெல்லாம் நினைத்திருந்தேன். முன்கூடத்தில் ஒரு ஈ காக்கை இல்லை. செருப்பு வைக்கும் பலகை காலி. வாயிற்காப்போரும் இல்லை.

"இன்னிக்கு விடுமுறையா?" என்றாள் அம்மா.

அப்போது பின்பக்கத்திலிருந்து கைதட்டும் ஓசை கேட்டது. கூடத்தைத் தாண்டி, சுவடி அறையைத் தாண்டி, மூட்டை கட்டிப் போடும் பின்கட்டுக்குப் போனோம்.

அங்கே ஒரு புது வாசல். செதுக்கிய நிலை, இரண்டு பக்கமும் விளக்கு. பாறையில் இருநூற்றுப் பதினான்கு படியும் ஒரே அளவாகச் செப்பனிடப்பட்டு வழவழவென்று மின்னியது. நெடுகப் பித்தளைக் கைப்பிடி. பக்கத்திலேயே கப்பியில் ஓடும் ஒரு கூண்டு, உள்ளே மெத்தை. மேலே பலகை: 'ஆதிப் படி. மேகச்சுவடியை இயற்றியவர் திருவடி பட்ட வழி. அலுவலர்கள் மட்டும்.' பக்கத்தில் உரைகார அம்மாவின் நானூற்றுப் பதின்மூன்றாம் உரை, பளபளப்பான அட்டையோடு. முன்படி யார் வேண்டுமானாலும் ஏறக்கூடியது, ஆகவே அதில் சிறப்பு ஏதுமில்லை என்று முதல் பக்கத்திலேயே நிறுவியிருந்தார்.

கூண்டு மேலே வந்து நின்றது. தலைமைக் காவலர் களைப்பே இல்லாமல் இறங்கினார். எல்லோரும் கைதட்டினார்கள். அவர் எங்களைப் பார்த்துவிட்டார்.

"அடடே, வாங்கம்மா! முன்படியில வந்தீங்களா? ரொம்ப சந்தோஷம்!"

அவர் சந்தோஷம் பொய்யில்லை. முகமெல்லாம் சிரிப்பு.

அம்மா மூட்டையை இறக்கி வைத்தாள். வாசல் ஓரம் போய் நின்று கீழே எட்டிப் பார்த்தாள். நூற்றிருபதாவது படி எது என்று தேடினாள் என்று நினைக்கிறேன். எல்லாம் ஒரே மாதிரி இருந்தன. பித்தளைக் கைப்பிடியை வெளுக்கப் போகும் துணியைத் தடவுவதுபோல் தடவினாள்.

"நல்லா இருக்குங்க ஐயா," என்றாள். "இந்தக் கைப்பிடியை ஒரு வருஷம் முன்னாடி போட்டிருக்கக் கூடாதா?"

தலைமைக் காவலர் உண்மையாகவே யோசித்தார். நெற்றியைச் சுருக்கி, எப்போதும் போல் பொறுப்போடு பதில் சொன்னார்:

"அப்ப இந்த வழியில யாரும் வரலியேம்மா."

அவர் வாய் தவறிக்கூடப் பொய் சொல்லாத மனிதர். பதினெட்டு வருடம், ஒரு நாள் விடாமல் என் அம்மா ஏறிய படியில் யாரும் ஏறவில்லை என்று அவர் மனதார நம்புகிறார்.